ஏழாவது மாடி ஐயா

மார்ச் 2, திங்கள்

அசிங்கத்தை முதலிலேயே எழுதிவிடுகிறேன். நான் எழுதின கமெண்டுக்கு நானே லைக் போட்டுக்கொண்டேன். ஒன்று என் போனில். அது போதாதென்று, வீட்டுக்காரி குளிக்கப் போன நேரத்தில் அவள் போனை எடுத்து இன்னொன்று. ஐம்பத்து மூன்று வயதில் செய்கிற வேலையா இது? தனக்குத்தானே கை தட்டிக்கொண்டதும் இல்லாமல், கூடத் தட்ட ஆள் வேறு பிடித்திருக்கிறேன். அந்த ஆளுக்கே தெரியாமல்.

இதை யாரிடமும் சொல்ல முடியாது. அதனால்தான் இந்த நோட்டு. நோட்டு என்றால் நோட்டு இல்லை. போன வருடத்து லிஃப்ட் பதிவேடு, பின்பக்கம் எல்லாம் காலி. நகராட்சிக் கட்டட லிஃப்டில் யார், எத்தனை மணிக்கு, எந்த மாடியிலிருந்து எந்த மாடிக்கு என்று எழுதுவது என் வேலையில் பாதி. பித்தளைக் கைப்பிடியைத் திருப்பி மேலே கீழே கொண்டுபோவது மீதிப் பாதி. பதிவேடு எழுதச் சொன்ன அதிகாரி ரிட்டையர் ஆகிப் பல வருடம் ஆயிற்று. நிறுத்து என்று சொல்ல யாருக்கும் தோன்றவில்லை. நானும் ஞாபகப்படுத்தவில்லை. அஞ்சாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவனுக்குக் கையெழுத்து இந்த லட்சணத்திலாவது இருக்கிறதென்றால் பதிவேட்டால்தான்.

கமெண்டுக்கு வருகிறேன். நம் ஊர் அரசியலை எழுத ஒரு பிளாக் இருக்கிறது, ‘நகர் நடப்பு’ என்று. நடத்துகிறவர் பேர் எறும்பு. ஆணா பெண்ணா, குட்டையா நெட்டையா, யாருக்கும் தெரியாது. அங்கே வருகிற யாருக்கும் சொந்தப் பேர் கிடையாது. ‘பழைய வாத்தியார்’ என்று ஒருவர். எதற்கும் ஒன்பது பாயிண்ட் எழுதுவார், எட்டில் நிறுத்தி நான் பார்த்ததில்லை. ‘கோபக்காரன்’ என்று ஒருவன். எதைப் போட்டாலும் “வெட்கம்! வெட்கம்!” என்பான். போன மாதம் எறும்பு, “இரண்டு நாளாகக் காய்ச்சல், பதிவு வராது” என்று போட்டார். அதற்கும் வெட்கம்.

எனக்கு அங்கே ‘ஏழாவது மாடி’ என்று பேர். பெரிய யோசனை ஒன்றும் இல்லை. லிஃப்டுக்குள் நெட் வராது. என் போனில் நெட்டுக்குப் பணமும் கட்டவில்லை. ஏழாவது மாடியில் கதவைத் திறந்தால் சேர்மன் ஆபீஸ் வைஃபை பிடிக்கும். பாஸ்வேர்டை அங்கே இருக்கிற டைப்பிஸ்ட் தங்கச்சி போட்டுக் கொடுத்தது. “பாட்டு கேக்கத்தானேண்ணே, நல்லா கேளுங்க” என்றது. நானும் பாட்டுத்தான் கேட்டேன். முதல் இரண்டு நாள். இன்று ‘எல்லாருக்கும் வணக்கம்’ என்று என் முதல் கமெண்டை பிளாக்கில் எழுதினேன்.

மார்ச் 4, புதன்

லைக் மூன்று ஆகிவிட்டது. மூன்றாவது நான் இல்லை! எறும்பே போட்டிருக்கிறார். யாராக இருக்கும் அவர்?

மார்ச் 6, வெள்ளி

காலை 10.40. சேர்மன், இன்ஜினீயர், ஏழிலிருந்து கீழே. பதிவேட்டில் அவ்வளவுதான் எழுத முடியும். மீதி இங்கே.

இன்ஜினீயர் கையில் ஒரு மணிக்கூண்டு. தகரத்தில் செய்த மாதிரி, குடம் அளவுக்கு இருக்கும். பச்சைப் பெயின்ட், நாலு பக்கமும் கடிகாரம் வரைந்திருக்கிறது. உச்சியில் கவிழ்த்த கிண்ணம் போல ஒரு மூடி, கழற்றி மாட்டலாம். சேர்மன் அதைப் பிறந்த குழந்தையைத் தடவுவது மாதிரி தடவிக்கொண்டே வந்தார்.

“எங்க வெச்சா எடுப்பா இருக்கும்?”

“மார்க்கெட் முனைதான் சார் சரியான எடம். ஆனா அங்க லேடீஸ் டாய்லெட் இருக்கு.”

“இடிச்சாப் போச்சு. அது முன்னாடி நின்னு யாரு போட்டோ எடுக்கப் போறா?”

இரண்டு பேரும் சிரித்தார்கள். நான் கைப்பிடியைப் பார்த்தபடி நின்றேன். லிஃப்ட்காரன் பக்கத்தில் நிற்கும்போது பக்கத்தில் ஆள் நிற்பதாக யாரும் நினைப்பதில்லை. இருபத்திரண்டு வருடமாக நான் கேட்காத ரகசியம் இந்த ஊரில் இல்லை. எனக்குத்தான் பாதி புரியாது.

இது புரிந்தது. அந்த டாய்லெட்டை நம்பித்தான் மார்க்கெட்டில் அறுபது பெண்கள் விடியற்காலையில் வந்து பொழுது சாயும் வரை உட்கார்ந்திருக்கிறார்கள். அதில் ஒருத்தி என் வீட்டுக்காரி. தக்காளி, வெங்காயம், கீரை. முன்பு ஒரு தடவை அதை ஒரு மாதம் பூட்டிப் போட்டிருந்தார்கள். போக இடமில்லை என்று அவள் தண்ணீரே குடிக்காமல் உட்கார்ந்து, கடைசியில் ஆஸ்பத்திரியில் ஒன்பது நாள் கிடந்தாள். நான் கட்டில் பக்கத்தில் உட்கார்ந்து ஜோக் சொல்லிக்கொண்டிருந்தேன். வேறு என்ன தெரியும் எனக்கு?

அடுத்த ட்ரிப்பில் ஏழாவது மாடியில் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு, ஒற்றை விரலால் தட்டினேன். “மார்க்கெட் பெண்கள் கழிப்பறையை இடித்து மணிக்கூண்டு கட்டப் போகிறார்கள். இன்று பேசினார்கள். என் காதால் கேட்டேன்.” கீழே ஆறு பேர் விடாமல் மணி அடித்துக்கொண்டிருந்தார்கள். அடிக்கட்டும்.

மார்ச் 7, சனி

லீவு. வைஃபை இல்லை. திங்கட்கிழமைக்கு இப்படிக் காத்திருந்தது வாழ்க்கையில் இதுதான் முதல் தடவை.

மார்ச் 9, திங்கள்

அடேங்கப்பா!

எறும்பு தனிப் பதிவே போட்டுவிட்டார். “ஏழாவது மாடியிலிருந்து ஒரு மனசாட்சி” என்று தலைப்பு. சேர்மன் அலுவலகத்திலேயே இருக்கும் உயர் அதிகாரி ஒருவர், தன் பதவியைப் பணயம் வைத்து இந்த உண்மையை வெளியே சொல்லியிருக்கிறாராம். உயர் அதிகாரி! உயரம் சரிதான், ஏழு மாடி.

கீழே இருநூற்றுப் பன்னிரண்டு கமெண்ட். பழைய வாத்தியார் ஒன்பது பாயிண்ட். அதில் நாலாவது: “ஐயா அவர்களின் சுருக்கமான நடை, அவருடைய நீண்ட நிர்வாக அனுபவத்தைக் காட்டுகிறது.” ஒற்றை விரலால் தட்டுகிறவன் வேறெப்படி எழுதுவான்? நடையாம்.

“ஐயா, நான் அதிகாரி இல்லை, லிஃப்ட்காரன்” என்று எழுத விரலைக்கூட வைத்துவிட்டேன். அப்புறம் அந்த ‘ஐயா’வை இன்னொரு தடவை படித்தேன். ஆபீசில் எனக்கு “ஏய் லிஃப்ட்”. கொஞ்சம் நல்லவர்கள் என்றால் “யோவ்”. ஐயா என்று ஒருத்தரும் கூப்பிட்டதில்லை. இங்கே இருநூறு பேர் கூப்பிடுகிறார்கள். எத்தனாவது வரை படித்தாய் என்று ஒருத்தரும் கேட்கவில்லை.

விரலை எடுத்துவிட்டேன்.

மார்ச் 10, செவ்வாய்

வீட்டுக்காரி மார்க்கெட்டிலிருந்து வந்து கூடையை இறக்கி வைக்கும் முன்பே ஆரம்பித்துவிட்டாள்.

“ஏங்க, உங்க ஆபீஸ்ல ஏழாவது மாடில ஒரு ஆபீசராமே? நம்ம கஷ்டத்த அப்படியே நெட்டுல எழுதிட்டாராம். பூக்கடை அக்கா படிச்சுக் காட்டினா. அழுகையே வந்துடுச்சுங்க எனக்கு. நல்ல மனுசன். அவரு பொண்டாட்டி குடுத்து வெச்சவ.”

“ஏன், உனக்கு என்ன கொறச்சல்?”

“நீங்க மேல போறீங்க, கீழ வரீங்க. அவரு யோசிக்கிறாருங்க.”

“பாக்க எப்படி இருப்பாரு அந்த ஆளு?”

“ஆளு கீளுன்னு சொல்லாதீங்க. நல்ல ஒசரமா, வெள்ள முடியா, கண்ணாடி போட்டு இருப்பாரு. பேச மாட்டாரு அதிகமா. உங்கள மாதிரி தொணதொணன்னு இல்ல.”

நான் குனிந்து என் தொப்பையைப் பார்த்துக்கொண்டேன். என் மேலேயே எனக்குப் பொறாமை வருகிறது. இதற்கு எந்த டாக்டரிடம் போவது?

மார்ச் 13, வெள்ளி

நேற்று பிளாக்கில் சும்மா இப்படி எழுதினேன்: “இரண்டு நாளாக மேலே ஒரே கிரீச் சத்தம். கயிறு தேய்ந்துவிட்டது. எத்தனை முறை சொன்னாலும் கேட்பாரில்லை. என்றைக்கு நிற்குமோ.”

லிஃப்டைப் பற்றித்தான். நாலு தடவை மனு கொடுத்தாகிவிட்டது.

இன்று தலைநகரத்தில் ஒரு பெரிய பிளாக், நாடு பூராவும் படிக்கிறார்களாம், அவர்கள் அதை எடுத்துப் போட்டு மூன்று பக்கத்துக்கு விளக்கம் எழுதியிருக்கிறார்கள். கயிறு என்பது ஆளும் கூட்டணி. கிரீச் சத்தம் என்பது அதிருப்தி உறுப்பினர்கள். நான்கு மாதத்தில் ஆட்சி கவிழும். அடியில் ஊர் ஊராக ஆட்கள் வந்து அடித்துக்கொள்கிறார்கள். பார்த்தே இராத இரண்டு பேர், என் லிஃப்ட் கயிற்றுக்காக ஒருவரை ஒருவர் துரோகி என்று திட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

கயிற்றை மட்டும் யாரும் மாற்றவில்லை.

மார்ச் 16, திங்கள்

சேர்மனும் மேலாளரும் லிஃப்டில். மேலாளர் பேசும் முன் மூன்று தடவை இருமுவார். அதனால் என் கணக்கில் அவர் பேர் ‘இருமல்’. இன்று இருமலுக்குக்கூட நேரம் கொடுக்கவில்லை சேர்மன்.

“நம்ம கூடவே உக்காந்துட்டு எவனோ போட்டுக் குடுக்கறான்யா! யாருன்னு எனக்குத் தெரிஞ்சாகணும்!”

“எத்தனாவது மாடி சார்?” என்று கேட்டேன். என் வேலை அது.

“ஏழாவது மாடி!” என்று கத்தினார். அப்புறம் தணிந்து, “ஏழுக்குப் போப்பா” என்றார்.

சிரிப்பை அடக்கினதில் விலா வலிக்கிறது.

மார்ச் 18, புதன்

சிரித்தது போதும்.

கம்ப்யூட்டர்காரர் ஒருவர் காலையில் பெட்டியோடு வந்தார். ஏழாவதுக்கு நான்தான் ஏற்றிவிட்டேன். “என்ன ரிப்பேர் சார்?” என்றேன். “ரிப்பேர் இல்ல, ஆளப் புடிக்க வந்திருக்கேன்” என்றார். “புடிங்க சார், புடிங்க” என்று கதவையும் திறந்துவிட்டேன்.

பிடித்துவிட்டார்கள். என்னை இல்லை.

கமெண்ட் வந்த நேரத்தில் எல்லாம் சேர்மன் ஆபீஸ் வைஃபையிலிருந்துதான் யாரோ அந்த பிளாக்குக்குப் போயிருக்கிறார்கள் என்று கண்டுபிடித்தாராம். எந்த போன் என்று தெரியவில்லையாம். பாஸ்வேர்டு தெரிந்தவர்கள் மூன்றே பேர். சேர்மன், மேலாளர், டைப்பிஸ்ட் தங்கச்சி. இரண்டு பேரைக் கழித்தால் மீதி யார்? அதைக் கண்டுபிடிக்க அஞ்சாங்கிளாஸே அதிகம்.

அது எட்டு வருடமாக டெம்பரவரி. இரண்டு பெண் குழந்தைகளை வைத்துக்கொண்டு தனியாக நிற்கிறது. நிரந்தர ஆர்டர் இந்த மாதம் மேலே இருந்து வர வேண்டும். அதற்குப் பதில் இன்று கையில் மெமோ. பத்து நாளில் பதில் சொல்ல வேண்டும், சரியாக இல்லாவிட்டால் வீட்டுக்கு.

மதியம் லிஃப்டில் ஏறினது, கீழே வரும் வரை அழுதது. கீழே கதவைத் திறக்கப் போனேன். “தொறக்காதீங்கண்ணே. மேல போங்க. மூஞ்சி காயட்டும்” என்றது. மூன்று தடவை மேலே போய்க் கீழே வந்தோம். எல்லா மாடியிலும் மணி அடித்தார்கள். நான் எங்கேயும் நிறுத்தவில்லை.

மூன்றாவது தடவை இறங்கும்போது சொன்னது: “வேற யாருக்காவது பாஸ்வேர்டு குடுத்தியான்னு கேட்டாங்கண்ணே. இல்லன்னு எழுதிக் குடுத்துட்டேன். உங்க பேர எதுக்கு இழுக்கணும்? நீங்க பாவம், பாட்டு கேக்கறவரு.”

மார்ச் 19, வியாழன்

சொல்லிடுடா. போய் சொல்லிடு. அஞ்சே வார்த்தை. ‘நான்தான் எழுதினேன் சார்.’ மூணுதான் வருது. எண்ணக்கூடத் தெரியல இன்னிக்கு.

என்ன பயம் உனக்கு? வேலை போகும்னா? போகும்தான். அது பாதி. இன்னொரு பாதி, அந்த ‘ஐயா’ போயிடும். எது பெரிய பாதின்னு எழுது பாப்போம். எழுத மாட்டே.

வெட்கம்! வெட்கம்! — கோபக்காரன் சரியான இடத்தில் சொன்னது போல் இருக்கிறது, அவன் சொல்லாமலேயே.

மார்ச் 20, வெள்ளி

வீட்டுக்காரி மாலையில் வந்தாள். கூடையை வைத்தாள். என் எதிரில் வந்து உட்கார்ந்தாள். இது நல்லதற்கு இல்லை என்று தெரிந்தது.

“பூக்கடை அக்கா இன்னிக்கு என்னை ஒரு கேள்வி கேட்டா. ‘ஏண்டி, அந்த ஏழாவது மாடி ஆபீசர உனக்கு முன்னாடியே தெரியுமா’ன்னு.”

“நீ என்ன சொன்னே?”

“அவரு ரெண்டாந்தேதி எழுதினதுக்கு மொத லைக் அவரே போட்டிருக்காராம். ரெண்டாவது லைக் நானாம். என் தக்காளிப் படம் போட்ட பேருல. மார்க்கெட்டே என்னை ஒரு மாதிரி பாக்குது.”

நான் கூரையைப் பார்த்தேன்.

“நான் அந்நேரம் குளிச்சிட்டு இருந்தேங்க. என் போன் லாக் நம்பர் தெரிஞ்ச ஆம்பள இந்த ஒலகத்துல ஒரே ஒருத்தர்தான்.”

“உன் தம்பிக்கும்—”

“ஏங்க!”

ஒப்புக்கொண்டேன். அவள் என்னை மேலிருந்து கீழ் வரை பார்த்தாள். அப்புறம் சிரிக்க ஆரம்பித்தாள். சுவரில் சாய்ந்து, முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு, “வெள்ள முடி… ஒசரம்…” என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தாள். நானும் சேர்ந்துகொண்டேன். சிரிப்போடு சிரிப்பாக டைப்பிஸ்ட் தங்கச்சி விஷயத்தையும் சொல்லிவிடலாம் என்று பார்த்தேன். சொன்னேன். அவள் சிரிப்பு நின்றுபோயிற்று.

“அந்தப் பொண்ணு உங்களக் காப்பாத்த எழுதிக் குடுத்திருக்கா. நீங்க மூணு நாளா இங்க வந்து நல்லா சாப்பிட்டுட்டு இருந்திருக்கீங்க.”

“சரியா சாப்பிடல.”

“ரெண்டு தடவ போட்டுக்கிட்டீங்க நேத்து.”

அதுவும் உண்மைதான்.

மார்ச் 23, திங்கள்

இருமலின் அறைக்குப் போய் நின்றேன். இருபத்திரண்டு வருடத்தில் ஏழாவது மாடியில் லிஃப்டை விட்டு வெளியே கால் வைத்தது இதோடு ஐந்தாவது தடவை. நாலு தடவை கயிற்றுக்காக.

“நான்தான் எழுதினேன் சார்” என்றேன். மூன்று வார்த்தை.

“என்ன எழுதின? மறுபடியும் கயிறா?”

“நெட்டுல சார். ஏழாவது மாடி நான்தான்.”

மூன்று தடவை இருமினார். நாலாவது இருமல் சிரிப்பாக மாறியது. “யோவ், அந்தம்மா மேல உனக்குப் பரிதாபம். புரியுது. அதுக்காக இப்படியா? தலைநகரத்துல அந்த எழுத்த வெச்சு ஆராய்ச்சி பண்றாங்கய்யா. நீ என்ன படிச்சிருக்க?”

“அஞ்சாவது சார்.”

“போ, போய் லிஃப்டப் பாரு.”

எழுதிக் காட்டுகிறேன் என்று போனை எடுத்தேன். அவர் எதிரிலேயே தட்ட ஆரம்பித்தேன். ‘நா’ வந்தது. ‘ன்’னைத் தேடிக்கொண்டிருந்தேன். அவர் சாப்பாட்டு டப்பாவை எடுத்துக்கொண்டு எழுந்து போய்விட்டார்.

மார்ச் 24, செவ்வாய்

சரி, இவர்களிடம் வேண்டாம், நம் ஆட்களிடமே சொல்லிவிடலாம் என்று பிளாக்கில் எழுதினேன். “நான் அதிகாரி இல்லை. நகராட்சி லிஃப்ட் ஓட்டுகிறவன். என்னால் வேறு ஒருவருக்கு மெமோ கொடுத்திருக்கிறார்கள். அவர் ஒன்றும் அறியாதவர்.”

ஐயாவை மிரட்டி எழுத வைத்துவிட்டார்களாம். ஐயாவின் கணக்கைத் திருடிவிட்டார்களாம். பழைய வாத்தியார் ஒன்பது பாயிண்டில் நிரூபித்துவிட்டார், இது ஐயாவின் நடையே இல்லை என்று. கோபக்காரன் இரண்டு வெட்கம். தலைநகர பிளாக்கில், “லிஃப்ட் ஓட்டுகிறவன் என்பது ஒரு சங்கேதம்” என்று எழுதியிருக்கிறார்கள்.

பொய் சொன்னால் நாடே நம்புகிறது. உண்மையைச் சொல்ல ஒரு சாட்சி வேண்டியிருக்கிறது.

மார்ச் 26, வியாழன்

சாட்சி தானாகவே வந்தது. காலை பதினொரு மணிக்குக் கீழே கதவைத் திறந்தால், வீட்டுக்காரி நிற்கிறாள். நல்ல புடவை கட்டியிருக்கிறாள். கடையைப் பூக்கடை அக்கா பார்த்துக்கொள்கிறாளாம்.

இத்தனை வருடத்தில் அவள் என் லிஃப்டில் ஏறினதே இல்லை.

“எத்தனாவது மாடி மேடம்?” என்றேன்.

“ஏழு. சீக்கிரம் போப்பா” என்றாள் திமிராக. ஆனால் கிளம்பினதும் என் சட்டையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டாள். மூன்றாவது மாடி தாண்டும்போது மெதுவாகச் சொன்னாள்: “இத்தன பட்டன், கம்பி எல்லாம் நீங்க ஒருத்தரே பாக்கறீங்களா?”

ஏழாவது மாடியில் அவளுக்கு அவசரம். எதிரிலேயே இருந்த கதவைக் காட்டினேன். போனவள் வெகு நேரம் வரவில்லை. வந்து சொன்னாள்: “பளிங்குக் கல்லுங்க. கண்ணாடி, வாசன சோப்பு, ரெண்டு செடி வேற. உள்ள ஒரு ஆளு கூட இல்ல.” கோபமாகச் சொல்லவில்லை. சும்மா விவரம் சொல்வது போலத்தான் சொன்னாள்.

அப்புறம் போட்டோ எடுத்தாள். நான் ஸ்டூலில், ஒரு கையில் கைப்பிடி, மறு கையில் போன், பின்னால் சுவரில் பெரிய ‘7’. மடியில் இந்த வருடப் பதிவேடு, மார்ச் 6-ஆம் தேதிப் பக்கம்: ‘10.40, சேர்மன், இன்ஜினீயர், ஏழு – கீழ்.’ தொப்பையை மறைக்கப் பதிவேட்டைக் கொஞ்சம் தூக்கிப் பிடித்தேன். “எறக்குங்க, தேதி தெரியல” என்றாள்.

‘ஏழாவது மாடி’ பேரிலேயே போட்டேன். அடியில் எழுதினேன்: “கயிறு, லிஃப்ட் கயிறுதான். மன்னித்துவிடுங்கள்.”

மார்ச் 27, வெள்ளி

ராத்திரி பூராவும் யோசித்துவைத்திருந்தேன், என்னவெல்லாம் திட்டுவார்கள் என்று. காலையில் ஏழாவது மாடியில் கதவைத் திறந்தேன். முதல் கமெண்ட் பழைய வாத்தியார். பாயிண்ட் இல்லை. ஒரே வரி.

“ஐயா, வணக்கம்.”

போனை அணைத்துவிட்டு ஒரு ட்ரிப் போய்வந்தேன். கண்ணில் தூசி.

மதியம் இருமல் கூப்பிட்டார். டைப்பிஸ்ட் தங்கச்சியின் மெமோவைத் திரும்ப வாங்கிக்கொண்டார்கள். அதே மெமோவில் பேரை அடித்துவிட்டு என் பேரை எழுதிக் கொடுத்தார்கள். பேப்பர் மிச்சம். எனக்கு சஸ்பெண்ட். ஆனால் அந்தக் காலத்துக் கைப்பிடி லிஃப்டை ஓட்டத் தெரிந்த வேறு ஆள் ஊரில் இல்லை. சேர்மனுக்கு முழங்கால் வலி. அதனால் மாற்று ஆள் கிடைக்கும் நாள் முதல் சஸ்பெண்ட் என்று எழுதியிருக்கிறார்கள்.

தங்கச்சி லிஃப்டில் ஏறி என்னை முறைத்தது. “பாட்டு கேக்கறேன்னீங்களேண்ணே!” கையிலிருந்த ஃபைலால் தோளில் ஒரு போடு போட்டது. நியாயமான போடு.

மார்ச் 31, செவ்வாய்

பழைய வாத்தியாரின் ஒன்பதாவது பாயிண்டை நான் இதுவரை முழுதாகப் படித்ததில்லை. யாருமே படித்ததில்லை என்று நினைக்கிறேன். வீட்டுக்காரி பளிங்குக் கழிப்பறை பார்த்த கதையை நேற்று பிளாக்கில் எழுதியிருந்தேன்; அதற்கு அவருடைய ஒன்பதாவது: “ஏழாவது மாடியில் பளிங்குக் கழிப்பறை காலியாக இருப்பதாக ஐயாவின் துணைவியார் கண்டறிந்திருக்கிறார். அது பொதுமக்கள் கட்டடம். பொதுமக்கள் பயன்படுத்தலாமே?”

இன்று காலை மார்க்கெட்டிலிருந்து பதினாறு பேர். லிஃப்டில் எட்டுப் பேர்தான் ஏறலாம். இரண்டு ட்ரிப். வரிசையாக ஏழாவது மாடியில் இறங்கி, வரிசையாகப் போய், வரிசையாக வந்தார்கள். ஒரு கோஷம் கிடையாது. ஒரு சத்தம் கிடையாது. போகிற போக்கில் எல்லாரும் சேர்மனுக்கு வணக்கம் சொன்னார்களாம்.

பதிவேட்டில் ‘வந்த காரியம்’ என்று ஒரு கட்டம் இருக்கிறது. உள்ளதை எழுதினேன். பதினாறு தடவை.

ஏப்ரல் 2, வியாழன்

நாற்பத்து மூன்று பேர். எறும்பு தினமும் எண்ணிக்கை போடுகிறார். வேறு ஊர் பிளாக்குகளிலும் அவரவர் ஊர்ச் சேர்மன் கழிப்பறையைப் போட்டோ எடுத்துப் போட ஆரம்பித்துவிட்டார்கள்.

இதையும் எழுத வேண்டும். நாலாவது மாடியில் பிறப்பு இறப்புப் பதிவு எழுதுகிற குமாஸ்தா ஒருவர். பதினோரு வருடமாகக் காலையும் மாலையும் என் லிஃப்டில் வருகிறார். ஒரு வார்த்தை பேசினதில்லை. நான் எத்தனையோ ஜோக் சொல்லிப் பார்த்துக் கைவிட்ட கேஸ். இன்று நாலாவதில் இறங்கும்போது திரும்பி நின்று, “அந்த மூணாவது லைக் நான்தான்” என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

கதவைச் சாத்தி ஐந்தாவது வந்த பிறகுதான் அந்த லைக்கில் இருந்த பேர் உறைத்தது. எறும்பு!

பதினோரு வருடம் ஒரே பெட்டிக்குள் போய்வந்திருக்கிறோம். பேசிக்கொள்ள இரண்டு பேருக்கும் நெட் தேவைப்பட்டிருக்கிறது.

ஏப்ரல் 8, புதன்

தங்கச்சிக்கு நிரந்தர ஆர்டர் வந்துவிட்டது. ஆர்டரைக் கையில் வைத்துக்கொண்டு மூன்று தடவை மேலே போய்க் கீழே வந்தது. எங்கேயும் நிறுத்தவில்லை.

ஏப்ரல் 10, வெள்ளி

மணிக்கூண்டுத் தீர்மானத்துக்குக் கவுன்சில் கூட்டம். இந்த வருடப் பதிவேட்டில் இன்று எழுதினதை இங்கேயும் அப்படியே எழுதிவைக்கிறேன். அங்கே எழுதாததைச் சேர்த்திருக்கிறேன்.

10.50. கீழிருந்து ஏழுக்கு. சேர்மன், இன்ஜினீயர், மேலாளர். சுமை: தகர மணிக்கூண்டு மாதிரி ஒன்று, கூட்டத்தில் வைப்பதற்கு.

10.52. நான்காவது மாடிக்கும் ஐந்தாவது மாடிக்கும் நடுவில் லிஃப்ட் நின்றது. காரணம்: கயிறு. முன்பு மனு கொடுத்தது: நான்கு முறை.

11.05. ரிப்பேர்காரர் வர ஒரு மணி நேரம் ஆகும் என்று தகவல்.

11.20. காலையில் மூன்று டீ குடித்ததாகச் சேர்மன் தெரிவித்தார்.

11.30. ஏழுக்குப் படியேறிக்கொண்டிருந்த மார்க்கெட் பெண்கள் ஐந்தாவது மாடிக் கம்பிக் கதவு வழியாக எட்டிப் பார்த்தார்கள். “பக்கத்துல டாய்லெட் இருக்காம்மா?” என்று சேர்மன் கேட்டார். “இங்க இருக்குங்க, கீழ நாலுலயும் இருக்குங்க, நடுவுலதாங்க இல்ல” என்று என் வீட்டுக்காரி பதில் சொன்னாள். மணி பதினொன்றரை என்றும் அவளே சொன்னாள்.

11.40. கேட்டுக்கொண்டபடி பெண்கள் விலகிச் சென்றார்கள். இன்ஜினீயர், மேலாளர், நான் ஆகிய மூவரும் சுவர்ப் பக்கம் திரும்பி நின்றோம்.

12.10. லிஃப்ட் புறப்பட்டது.

கூட்டத்தில் மணிக்கூண்டுத் தீர்மானம் எடுத்துக்கொள்ளப்படவில்லை. கழிப்பறை இருக்கிற இடத்திலேயே இருக்கட்டும், இன்னொன்றும் கட்டலாம் என்று சேர்மனே சொன்னதாகத் தங்கச்சி குறிப்பில் அடித்திருக்கிறது. மாதிரி எங்கே என்று ஒரு கவுன்சிலர் கேட்டார். இன்ஜினீயர் கை கழுவப் போயிருந்தார்.

என்ன நடந்தது என்று எறும்பு பிளாக்கில் கேட்டார். “லிஃப்ட் நின்றது” என்று மட்டும் எழுதினேன். கோபக்காரன் “வெட்கம்!” என்று எழுதினான். அவனுக்கு எப்படித் தெரியும் என்று தெரியவில்லை.

ஆட்களுக்குச் சேதம் இல்லை. மணிக்கூண்டு மூடி போட்டு, இரண்டு கையாலும் பிடித்து, ஆடாமல் கீழே இறக்கப்பட்டது.